திரையை விட அறையைக் கவனியுங்கள்

நெல்லையப்பர் கோயில் மணி மண்டபத்தில், ஒரே கல்லில் குடைந்த இசைத்தூண்களை யாராவது தட்டும்போது கண்ணை மூடிக்கொண்டு நின்று பாருங்கள். சத்தம் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று சட்டெனப் பிடிபடும். இடப்பக்கத்துத் தூணின் ஒலி இடக்காதைத் தொட்ட பிறகே வலக்காதுக்குப் போகிறது. அந்தத் தாமதம் மிஞ்சிப்போனால் ஒரு நொடியில் 1,500-ல் ஒரு பங்கு. மூளைக்கு அது போதும். மேலேயா கீழேயா என்பதைக் காது மடலின் மடிப்புகள் சொல்லிவிடும்.

டால்பி அட்மாஸ் என்ற ஒலித் தொழில்நுட்பம் நம்பியிருப்பது இந்தக் காதைத்தான். முன்பு இந்த ஸ்பீக்கருக்கு இந்தச் சத்தம் என்று பிரித்துப் பதிந்தார்கள். அட்மாஸில் ஹெலிகாப்டர் சத்தத்தோடு, அது எங்கே பறக்கிறது என்ற விவரமும் பதிவாகிறது. எந்த ஸ்பீக்கர் எவ்வளவு ஒலிக்க வேண்டும் என்பதை உங்கள் வீட்டுக் கருவி அந்த நொடியில் கணக்கிடும். 2012 டிசம்பரில் ‘சிவாஜி 3டி’யோடு நம் தியேட்டருக்கு வந்த அட்மாஸ், 2014 முதல் வீட்டுக்கும் கிடைக்கிறது.

ஆனால் கடைக்குப் போகிறவர்களில் சிலர் கேட்பதென்னவோ 8கே டிவியைத்தான். 4கே திரையில் சுமார் 83 லட்சம் புள்ளிகள். 8கே-யில் 3 கோடியே 32 லட்சம். நல்ல கண்ணால் ஒரு பாகையில் 60-ல் ஒரு பங்கு வரைதான் பிரித்தறிய முடியும். அந்தக் கணக்குப்படி 55 அங்குல 4கே டிவியின் புள்ளிகளே நாலடி தள்ளி உட்கார்ந்தால் ஒன்றாகிவிடும். நம் கூடத்தில் எட்டடி, பத்தடி தள்ளித்தானே உட்காருகிறோம்? சுவரையே அடைக்கும் 150 அங்குலத் திரை உங்கள் வீட்டுக்கு வந்தால், பத்தடிக்குள் இருப்பவருக்கு 8கே பயன்படும். அதுவரை அது வீண்செலவு.

செலவழிக்க வேண்டிய இடம் அறை. கான்கிரீட் கூரை, டைல்ஸ் தரை, வெறும் சுவர் என்றிருக்கும் பாளையங்கோட்டை வீட்டுக் கூடத்தில் ஒலி திரும்பத் திரும்ப மோதும், வசனம் குழம்பும். மைக் வைத்து அறையை அளந்து ஒலியைத் திருத்தும் கருவிகள் வந்துவிட்டன, இன்னும் நன்றாகவும் வரும். ஆனாலும் சுவரில் பட்டுத் திரும்பும் எதிரொலியை அவற்றால் முழுக்க அழிக்க முடியாது.

அதற்குத் தடிமனான பஞ்சு வேண்டும். பத்தமடைக் கோரைப்பாயைச் சுவரில் மாட்டினால் அழகுதான். ஆனால் அத்தனை மெல்லிய நெசவு ஒலியை அதிகம் உறிஞ்சாது. இலவம்பஞ்சு மெத்தை, கனத்த திரைச்சீலை, புத்தகம் நிறைந்த அலமாரி ஆகியவை உறிஞ்சும். கூரையை மட்டும் மூட வேண்டாம். ஒலியை மேலே அனுப்பித் தெறிக்கவைக்கும் அட்மாஸ் ஸ்பீக்கருக்குச் சமதளமான கான்கிரீட் கூரை தோதானது; சரிந்த ஓட்டுக் கூரையில் அது எடுபடாது.

கடைக்குக் கிளம்பும் முன் கூடத்தின் நடுவில் நின்று ஒருமுறை பலமாகக் கைதட்டிப் பாருங்கள். சத்தம் ‘டங்’கென்று இழுத்தால், முதலில் வாங்க வேண்டியது திரைச்சீலை.