மதுவின்றி ஓர் அறுவடை இனிப்பு

ஸ்காட்லாந்தில் அறுவடைக் காலத்தோடு இணைத்துப் பேசப்படும் அடுக்கு இனிப்பு 'கிரானகன்'. ராஸ்பெர்ரி, கிரீம், தேன், வறுத்த ஓட்ஸ் ஆகியவை இதில் சேர்கின்றன. இலையுதிர் காலத்தில் வேலியோரப் புதர்களில் பழுக்கும் பிளாக்பெர்ரியும் இதற்கு ஏற்றதே. இவை யாவும் அல்லாஹ் நமக்கு ஆகுமாக்கிய நல்லுணவுகள்.

ஆனால், வழக்கமான செய்முறையில் விஸ்கியும் உண்டு. அது அடுப்பேறாமல் அப்படியே கலக்கப்படுகிறது. போதை தருவது ஒரு துளியாயினும் ஹராமே. ஆகவே, விருந்துக்குச் செல்வோர் முன்னரே கேட்டறிதல் நன்று. பொருள்களைத் தனித்தனியே மேசையில் வைத்து, அவரவரே அடுக்கி உண்பது அங்குள்ள பழைய வழக்கம். அதைப் பின்பற்றினால் விருந்தளிப்பவர் மனமும் நோகாது. நம் மார்க்கப் பேணுதலும் காக்கப்படும்.

நால்வருக்குச் செய்யும் முறை: 50 கிராம் ஓட்ஸைப் பொன்னிறமாக வறுத்து ஆறவிடுக. 300 மில்லி கிரீமை நன்கு தடிக்கும்வரை அடித்து, 2 மேசைக்கரண்டி தேன் கலக்குக. 250 கிராம் பழத்தில் பாதியை மசித்து, விஸ்கிக்குப் பதிலாக 2 மேசைக்கரண்டி ஆரஞ்சுச் சாறு சேர்க்க. கண்ணாடிக் கிண்ணத்தில் பழம், கிரீம், ஓட்ஸ் என மாறிமாறி அடுக்கி உடனே பரிமாறுக. தாமதித்தால் ஓட்ஸ் நமுத்துவிடும்.

பிஸ்மில்லாஹ் கூறி உண்டு பாருங்கள். விலக்கியதால் சுவை குறைந்ததாகத் தோன்றாது.