சேவைக் கரங்கள் சோராதிருக்க…

காவிரி இரு கிளைகளாகப் பிரிந்து மீண்டும் ஒன்றுகூடும் இடத்தில் அமைந்த தீவு ஊர் ஸ்ரீரங்கப்பட்டணம். ஆதிரங்கம் எனப் போற்றப்படும் அரங்கநாதர் கோயிலும், 1799ஆம் ஆண்டு மே 4ஆம் நாள் திப்பு சுல்தான் போரில் வீழ்ந்த கோட்டையும் இவ்வூரின் அடையாளங்கள். அதிகம் பேசப்படாத வேறொரு செய்தியும் இதன் வரலாற்றில் உண்டு. கோட்டையைக் கைப்பற்றிய ஆங்கிலேயப் படை இங்கேயே பாசறை அமைத்துத் தங்கியது. விரைவிலேயே வீரர்களிடையே காய்ச்சல் பரவியது. நோயுற்றவர்களின் இடத்திற்குப் புதியவர்கள் வந்தனர், அவர்களும் நோயுற்றனர். மலேரியாவைக் கொசு பரப்புகிறது என்பது 1897இல்தான் கண்டறியப்பட்டது. எனவே நோயின் மூலம் அன்று எவருக்கும் தெரியாது. ஆயினும் குறை வீரர்களின் உடல் வலுவில் இல்லை, அவர்கள் வாழும் இடத்தில் இருக்கிறது என்பதை அதிகாரிகள் புரிந்துகொண்டனர். 1809ஆம் ஆண்டை ஒட்டிப் பாசறை பெங்களூருக்கு மாற்றப்பட்டது.

செவிலியரின் பணிச்சோர்வைப் பற்றி எண்ணும்போது இந்தப் பழைய நிகழ்ச்சி நமக்கு ஒரு வழியைக் காட்டுகிறது. ஒரு செவிலியர் சோர்ந்துபோனால், அவருக்குப் பொறுமை போதாது, மனவலிமை போதாது என்று நாம் எளிதில் கூறிவிடுகிறோம். அவருக்குப் பின் வருபவரும், அவரை அடுத்து வருபவரும் அதே வார்டில் அதே போல் சோர்ந்துபோனால், நாம் ஆராய வேண்டியது ஆளையா, பணியிடத்தையா?

ஸ்ரீரங்கப்பட்டணம் இன்று மண்டியா மாவட்டத்தின் ஒரு தாலுகாத் தலைநகரம். மைசூரு ஏறத்தாழ 15 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. சுற்றிலும் கரும்பும் நெல்லும் விளையும் வயல்கள்; அருகில் பெங்களூரு – மைசூரு நெடுஞ்சாலை. இத்தகைய ஊர்களில் பிரசவ வலி கண்ட பெண், வயலில் பாம்பு கடித்த உழவர், சாலை விபத்தில் அடிபட்ட பயணி ஆகிய மூவரும் முதலில் வந்து சேர்வது உள்ளூர் மருத்துவமனைக்குத்தான். பெரிய சிகிச்சை வேண்டுவோர் மைசூருவின் கிருஷ்ணராஜேந்திரா மருத்துவமனை, செலுவாம்பா மகளிர் குழந்தைகள் மருத்துவமனை போன்றவற்றை நாடுகின்றனர். எங்குச் சென்றாலும் நோயாளியின் அருகே இரவும் பகலும் இருப்பவர் செவிலியரே. இங்கு நாம் கூறப்போவது எந்த ஒரு மருத்துவமனையையும் சுட்டுவதன்று. நம் நாட்டின் எந்தத் தாலுகா ஊருக்கும் மாநகருக்கும் இது பொருந்தும்.

பணிச்சோர்வு என்றால் என்ன?

ஆங்கிலத்தில் 'பர்ன்அவுட்' எனப்படும் இந்நிலையை 1974இல் ஆய்விதழ்க் கட்டுரை ஒன்றில் விளக்கியவர் நியூயார்க்கைச் சேர்ந்த உளவியலாளர் ஹெர்பர்ட் பிராய்டன்பெர்கர். அதை அளப்பதற்கான வினாத்தொகுப்பைக் கிறிஸ்டினா மாஸ்லாக் தம் சக ஆய்வாளருடன் 1981இல் வெளியிட்டார். உலகச் சுகாதார நிறுவனம் 2019இல் ஏற்று, 2022 முதல் நடைமுறைக்குக் கொண்டுவந்த பன்னாட்டு நோய் வகைப்பாட்டின் 11ஆம் பதிப்பு, பணிச்சோர்வை ஒரு நோயாகக் கொள்ளவில்லை. முறையாகக் கையாளப்படாத, நெடுநாள் நீடித்த பணியிட அழுத்தத்தின் விளைவு என்றே அது வரையறுக்கிறது.

அதன் அறிகுறிகள் மூன்று. முதலாவது, ஓய்வெடுத்த பின்னும் நீங்காத களைப்பு. இரண்டாவது, பணியிலிருந்து மனம் விலகிப்போதல். கசப்பும் கடுகடுப்பும் தோன்றுதல். மூன்றாவது, எவ்வளவு செய்தும் பயனில்லை என்ற எண்ணம்.

இவற்றுள் இரண்டாவதையே நோயாளியின் உறவினர்களாகிய நாம் பெரும்பாலும் காண்கிறோம். கேட்ட கேள்விக்கு விடையளிக்காமல் நகரும் செவிலியரை 'இரக்கமற்றவர்' என்று தீர்ப்பளித்துவிடுகிறோம். அது அவருடைய இயல்பாக இல்லாமல், பல மாதங்களாகச் சேர்ந்த சோர்வின் வெளிப்பாடாகவும் இருக்கக்கூடும்.

ஒரு வார்டின் கணக்கு

காரணங்களைப் புரிந்துகொள்ள ஓர் எளிய கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 30 படுக்கைகள் கொண்ட ஒரு வார்டு. ஒரு வேளைப் பணியில் 6 நோயாளிகளுக்கு ஒரு செவிலியர் என்று வைத்துக்கொள்வோம். வேளைக்கு 5 பேர். காலை, மாலை, இரவு என மூன்று வேளைக்கும் நாளொன்றுக்கு 15 பேர். '15 பேரை நியமித்தால் போதும்' என்று தோன்றும்.

ஆனால் வார விடுமுறை 52 நாள், பிற விடுப்புகள் 30 நாள், பண்டிகை விடுமுறை 13 நாள் எனக் கழித்தால், ஒருவர் ஆண்டில் பணிக்கு வருவது 270 நாள். வார்டுக்கோ 365 நாளும் 15 பேர் வீதம் 5,475 பணிவேளைகள் தேவை. இதை 270ஆல் வகுத்தால் 21 செவிலியர் வேண்டும் என்பது தெரியும். 15 பேர் மட்டுமே இருந்தால் ஆண்டுக்கு 1,425 பணிவேளைகள், அதாவது நாளொன்றுக்கு ஏறத்தாழ 4, ஆளின்றிப் போகும். மீதமுள்ள 11 பேரைக் காலையில் 5, மாலையில் 4, இரவில் 2 எனப் பிரித்தால், இரவில் ஒருவர் 15 நோயாளிகளைக் கவனிக்க வேண்டும்.

ஏட்டில் 'ஆறுக்கு ஒருவர்' என்றிருப்பது, நள்ளிரவில் 'பதினைந்துக்கு ஒருவர்' ஆகிவிடுகிறது. இந்தப் பற்றாக்குறையை ஈடுசெய்ய விடுமுறை மறுக்கப்படும். ஒரு வேளை முடித்தவரையே அடுத்த வேளைக்கும் நிறுத்துவார்கள். ஒருவர் நோயுற்றாலோ விலகினாலோ சுமை மற்றவர்மேல் ஏறும். அதனால் மேலும் ஒருவர் விலகுவார். கூட்டு வட்டியைப் போல் இந்தக் கடன் தானே வளர்கிறது.

எண்ணிக்கையோடு வேறு காரணங்களும் சேர்கின்றன. பதிவேடுகளை நிரப்புதல், மருந்து இருப்புக் கணக்கு, ஆய்வக முடிவுகளுக்கு அலைதல் ஆகியவை நோயாளிக்குரிய நேரத்தைக் குறைக்கின்றன. மாறிமாறி வரும் இரவுப் பணி உடலின் உறக்கச் சுழற்சியைக் குலைக்கிறது. உலகச் சுகாதார நிறுவனத்தைச் சேர்ந்த பன்னாட்டுப் புற்றுநோய் ஆய்வு முகமை, இரவுப் பணியைப் 'புற்றுநோயை உண்டாக்கக்கூடியதாக இருக்கலாம்' என்னும் பிரிவில் 2007இல் சேர்த்தது; 2019இல் அதை மீண்டும் உறுதிசெய்தது. இவற்றோடு, தாம் பேணிய நோயாளி இறக்கும்போது அத்துயரை இறக்கிவைக்க இடமின்றி, அடுத்த படுக்கைக்குச் செல்ல வேண்டிய கட்டாயமும் உண்டு.

ஊதியத்தையும் மறந்துவிட இயலாது. தமிழகத்தில் மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியத்தில் பணியாற்றிய அரசு மருத்துவமனைச் செவிலியர்கள், பணிநிரந்தரம் கோரி 2017 நவம்பரில் சென்னையில் திரண்டதை வாசகர்கள் நினைவுகூரலாம். தனியார் மருத்துவமனைகளைப் பொறுத்தவரை, 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் இட்ட ஆணைப்படி அமைந்த குழு, சிறிய மருத்துவமனைகளிலும் செவிலியரின் மாத ஊதியம் 20,000 ரூபாய்க்குக் குறையலாகாது என்று பரிந்துரைத்தது. பரிந்துரை எல்லா இடங்களிலும் நடைமுறையாகிவிடவில்லை. ஊதியம் போதாதபோது செவிலியர் இரண்டாவது பணியையும் ஏற்கிறார். ஓய்வுக்குரிய நேரம் அதில் கரைகிறது.

விளைவுகள் யாரைச் சேரும்?

பணிச்சோர்வின் முதல் இழப்பு செவிலியருடையது. உறக்கமின்மை, முதுகுவலி, தலைவலி, மனத்தளர்ச்சி, குடும்பத்தில் பிணக்கு எனப் பல வடிவங்களில் அது வெளிப்படும். ஆனால் இழப்பு அவரோடு நிற்பதில்லை.

அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில் 168 மருத்துவமனைகளை ஆராய்ந்த லிண்டா எய்க்கன் குழுவினர் 2002இல் தம் முடிவுகளை வெளியிட்டனர். ஒரு செவிலியரின் பொறுப்பில் ஒரு நோயாளி கூடும்போது, அறுவை சிகிச்சை பெற்றவர்கள் 30 நாட்களுக்குள் இறக்கும் வாய்ப்பு 7 விழுக்காடு உயர்ந்திருந்தது. செவிலியர் பணிச்சோர்வுக்கு ஆளாகும் வாய்ப்பு 23 விழுக்காடு உயர்ந்திருந்தது. செவிலியரைச் சோர்வடையச் செய்யும் அதே சுமை நோயாளியின் உயிருக்கும் இடர் விளைவிக்கிறது என்பதை இவ்விரு எண்களும் ஒருங்கே உணர்த்துகின்றன.

மருத்துவமனைக்கும் இழப்புண்டு. அனுபவம் வாய்ந்த ஒருவர் விலகினால், அவர் இடத்திற்கு வருபவர் பணியைக் கற்றுத் தேறப் பல மாதங்கள் ஆகும். உலகளவில் செவிலியர் பற்றாக்குறை 59 லட்சம் என்று உலகச் சுகாதார நிறுவனம் 2020ஆம் ஆண்டு அறிக்கையில் மதிப்பிட்டது. அயல்நாடுகள் கதவைத் திறந்து வைத்திருக்கும்போது, சோர்ந்தவர் நம்மிடமே தங்குவார் என்று எதிர்பார்ப்பதற்கில்லை.

தடுக்கும் வழிகள்

முதல் வழி, ஆள் எண்ணிக்கையை முறைப்படுத்துவது. கலிபோர்னியா மாநிலம் 1999இல் சட்டமியற்றி, ஒரு செவிலியர் கவனிக்கக்கூடிய நோயாளிகளின் உச்ச எண்ணிக்கையை 2004 முதல் நடைமுறைப்படுத்தியது. நம் நாட்டிலும் இந்திய நர்சிங் கவுன்சில் விகிதங்களை வகுத்துள்ளது. அவற்றை மொத்த நியமனத்தில் மட்டும் பாராமல், ஒவ்வொரு வேளையிலும், குறிப்பாக இரவில், சரிபார்க்க வேண்டும். விடுப்புக்கான கூடுதல் ஆட்களையும் தொடக்கத்திலேயே கணக்கில் சேர்க்க வேண்டும்.

இரண்டாவது, பணிப்பட்டியல். மாதம் தொடங்கும் முன்பே அதை வெளியிடுதல், இரவுப் பணி முடிந்தவரை உடனே பகல் பணிக்கு அழைக்காதிருத்தல், காலையிலிருந்து மாலைக்கும் மாலையிலிருந்து இரவுக்கும் என முன்னோக்கிய வரிசையில் மாற்றுதல், தொடர் இரவுகளைக் குறைத்தல் ஆகியவை பெருஞ்செலவின்றிச் செய்யக்கூடியவை.

மூன்றாவது, செவிலியம் சாராத வேலைகளை எழுத்தர்க்கும் உதவியாளர்க்கும் பகிர்ந்தளிப்பது. நான்காவது, மனத்தில் உள்ளதைப் பேச இடமளிப்பது. வார்டில் ஓர் இறப்பு நேர்ந்தால், பணி முடியும் வேளையில் தலைமைச் செவிலியர் பத்து நிமிடம் அனைவரையும் அமர்த்திப் பேசச் செய்யலாம். ஐந்தாவது, பாதுகாப்பு. மருத்துவப் பணியாளர் மீதான வன்முறையைத் தடுக்கத் தமிழகத்தில் 2008ஆம் ஆண்டுச் சட்டமும் கர்நாடகத்தில் 2009ஆம் ஆண்டுச் சட்டமும் உள்ளன. தாக்குதல் நடந்தால் புகாரளிக்கும் பொறுப்பை நிர்வாகமே ஏற்க வேண்டும்.

செவிலியர்க்கும் சில சொற்கள். தொடர்ந்து இரண்டு மூன்று வாரங்கள் உறக்கமும் ஆர்வமும் குன்றினால், அதைக் குற்ற உணர்வோடு மறைக்க வேண்டாம். 2022 அக்டோபர் 10 முதல் இயங்கும் 'டெலி மானஸ்' என்னும் மத்திய அரசின் மனநல உதவிச் சேவையை 14416 என்ற எண்ணில் எந்நேரமும் கட்டணமின்றி அழைக்கலாம். தமிழிலும் கன்னடத்திலும் பேசலாம்.

பொருளாதாரப் பாதுகாப்பும் ஒரு தடுப்பு முறையே. செவிலியர் பலர் கல்விக் கடனோடு பணியைத் தொடங்குகின்றனர். மாதிரிக் கல்விக் கடன் திட்டத்தில் படிப்புக் காலத்திற்கும் அதன்பின் ஓராண்டுக்கும் தவணை தொடங்குவதில்லை. அக்காலத்தில் இயன்றபோது வட்டியை மட்டுமேனும் செலுத்திவந்தால் பின்னாள் சுமை குறையும். தவணை கட்ட இயலாத நிலை வருமுன்பே வங்கிக் கிளையை அணுகுவது நன்று. தவறிய பின் வருவதைவிட அப்போது வழிகள் அதிகம். மூன்று மாதச் செலவுக்கான தொகையைத் தொடர் வைப்பின் வாயிலாகச் சேர்த்து வைத்திருப்பவர், உடல் ஓய்வு கேட்கும் நாளில் கூடுதல் பணியைத் தயக்கமின்றி மறுக்க முடியும்.

நம் பங்கு

நாமோ நம் குடும்பத்தினரோ என்றேனும் ஒருநாள் மருத்துவமனைப் படுக்கையில் இருக்க நேரும். சிட்னி நகரின் இரு மருத்துவமனைகளில் நடந்து 2010இல் வெளியான ஆய்வு, செவிலியர் மருந்து கொடுக்கும்போது நேரும் ஒவ்வோர் இடையூறும் பிழையை ஏறத்தாழ 12 விழுக்காடு கூட்டுவதைக் காட்டியது. ஆகவே மருந்துத் தட்டோடு வருபவரை அந்நேரம் நிறுத்தி, வேறு செய்தி கேட்காதிருப்போம். அவசரமல்லாத ஐயங்களைத் தாளில் குறித்து வைத்து, அவர் நம் படுக்கைக்கு வரும்போது ஒருமுறையாகக் கேட்போம். குடும்பத்தின் சார்பில் ஒருவரே பேசட்டும். பார்வையாளர் நேரத்தைக் கடைப்பிடிப்போம். வலி மிகுதல், மூச்சுத் திணறல், இரத்தக் கசிவு போன்றவற்றுக்கு மட்டும் எந்நேரமும் தயங்காமல் அழைப்போம்.

வீடு திரும்பும் நாளில் மருத்துவமனையின் கருத்துப் படிவம் கைக்கு வரும். அதில் 'கவனிப்பு நன்று' என்று எழுதுவதோடு, 'இரவில் இந்த வார்டில் இத்தனை பேருக்கு ஒரே செவிலியர் இருந்தார். கூடுதல் ஆள் தேவை' என்றும் எழுதுவோம். நோயாளியின் குடும்பத்திலிருந்து வரும் அந்த ஒரு வரியை நிர்வாகம் எளிதில் புறக்கணிக்க முடியாது.