திரையெழுத்து: ஆக்னெஸ் வார்தாவின் கலைநெறி

பிரெஞ்சுத் திரைப்படத்தின் 'புதிய அலை' துரூஃபோ, கோதார் ஆகியோர் 1959, 1960ஆம் ஆண்டுகளில் அளித்த படங்களோடு எழுந்ததாகக் கூறுவது வழக்கு. ஆயின், நாடக அரங்கொன்றின் நிழற்படக் கலைஞராக இருந்த ஆக்னெஸ் வார்தா (1928–2019), சேத் துறைமுகத்து மீனவர் குடியிருப்பில் எடுத்த 'லா புவாந்த் கூர்த்' 1955ஆம் ஆண்டினது. மீனவர் வாழ்வையும் பிரிவை எண்ணும் தம்பதியரின் உரையாடலையும் மாறிமாறித் தொடுக்கும் அதன் அமைப்பு, ஃபாக்னரின் நாவலொன்றிலிருந்து பெற்றதாகும். தொழில்முறை அனுமதியின்றி எடுக்கப்பட்டமையால் அப்படத்திற்கு வழக்கமான வணிக விநியோகம் வாய்க்கவில்லை. வரலாற்றில் அது பின்தள்ளப்பட்டதற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம். 'புதிய அலையின் பாட்டி' என்று பின்னர் அவருக்கு வழங்கிய அடைமொழி, புகழுரை போல் தோன்றினும், முன்னோடியை ஓரத்தில் அமர்த்துவதாகவே நாம் கருதுகிறோம்.

தம் கலையை அவர் 'சினேக்ரித்யூர்' என்றார்; அதனைத் திரையெழுத்து எனத் தமிழாக்கலாம். உரையாடல் எழுதுவது மட்டும் எழுத்தன்று. இடத்தையும் பருவத்தையும் தேர்தல், காட்சியின் நீளம், படத்தொகுப்பு ஆகிய அனைத்தும் எழுத்தே என்பது அதன் பொருள். 1985இல் வெனிஸ் விழாவில் தங்கச் சிங்கம் பெற்ற 'சான் த்வா நி ல்வா' இதற்குத் தக்க சான்று. குளிரில் இறந்து கிடக்கும் நாடோடிப் பெண்ணைப் பற்றி, அவளைக் கண்டவர்கள் கூறுவனவே படமாகின்றன. அவளோ இறுதிவரை விளங்காதவளாகவே நிற்கிறாள்.