ஜான் பிரைன்: முதல் இசைத்தட்டு, 1971

சிகாகோ நகரத்தை அடுத்த மேவுட் என்னும் ஊரில் பிறந்து, ராணுவ சேவையை முடித்துத் தபால்காரராக உத்தியோகம் பார்த்து, வீடுவீடாகக் கடிதம் கொடுத்து நடக்கும் வேளையிலேயே மனத்துக்குள் பாட்டுக் கட்டிவந்த ஜான் பிரைனின் கீர்த்தி, அட்லாண்டிக் நிறுவனம் வெளியிட்ட இந்த இசைத்தட்டினால் ஸ்தாபிதமாயிற்று. சிகாகோவில் இவர் பாடக் கேட்டுப் பிரமித்த பாடகர் கிரிஸ் கிறிஸ்டாஃபர்சன், நியூயார்க்கில் தம் கச்சேரி மேடையிலேயே இவரை ஏற்றிவைத்ததன் பலன் இது. பதிவு, ஒரு பாட்டு நீங்கலாக, மெம்பிஸில் தயாரிப்பாளர் ஆரிஃப் மார்டினின் மேற்பார்வையில் நடந்தது.

குரலில் அலங்காரம் ஏதுமில்லை. ஆனால் யுத்தத்திலிருந்து திரும்பி மார்ஃபினுக்கு அடிமையான சிப்பாயையும், பேச்சுத்துணையின்றி வாடும் முதியவர்களையும், வாழ்க்கை கைநழுவிப் போனதென்று ஏங்கும் பெண்ணையும் அவரவர் அந்தரங்கத்துக்குள் புகுந்து பாடிய காருண்யம் வாலிப வயதினரிடம் காண அபூர்வமானது. அந்தப் பெண்ணின் பாட்டை 1974-இல் பாடகி பானி ரெயிட் பாடிப் பிரசித்தமாக்கினார்.

நியூயார்க்கில் பதிவான அந்த ஒரு பாட்டு, ‘பாரடைஸ்’, தந்தைக்காக எழுதப்பட்டது. கென்டக்கி மாநிலத்து மியூலன்பர்க் கவுண்டியில், பெற்றோரின் பூர்விக பூமியில், நிலக்கரிக்காக மேல்மண்ணையே பெயர்த்தெடுத்த சுரங்கத் தொழில் கிரீன் நதிக்கரைச் சிற்றூர் ஒன்றைச் சீரழித்த வரலாற்றை, கோபத்தை உரக்கச் சொல்லாமல், பிள்ளை கேட்கத் தகப்பன் சொல்வதாகவே அது பாடுகிறது.