வாகைக்குளத்தில் இறங்கும் விசிறி விமானம்

ஏரலுக்கு அருகிலுள்ள வாகைக்குளத்தில், அதாவது தூத்துக்குடி விமான நிலையத்தில், பல ஆண்டுகளாக விசிறி வைத்த விமானங்களே வந்திறங்கியது ஏன் தெரியுமா, நேயர்களே?

அங்கிருந்த ஓடுபாதை ஒன்றரைக் கிலோமீட்டருக்கும் குறைவாக இருந்ததால், பெரிய ஜெட் விமானங்களுக்கு அது போதவில்லை. எரிபொருள் எரிந்து வெளிவரும் சூடான வாயுவின் வேகத்தால் சுழலும் டர்பைன், பற்சக்கரப் பெட்டியின் வழியே வெளிவிசிறியைச் சுழற்றுகின்ற 'டர்போபிராப்' எஞ்சின் கொண்ட விமானமோ, குறுகிய பாதையிலேயே எழும்பி, குறைந்த தொலைவுப் பயணத்தில் எரிபொருளையும் மிச்சப்படுத்தியது.

இதில் வியப்பு என்னவென்றால், இங்கு வந்த ஏடிஆர், கியூ நானூறு ஆகிய இரண்டும் வெவ்வேறு நிறுவனங்களின் விமானங்களாயினும், இரண்டுக்கும் எஞ்சின் செய்தது கனடாவிலுள்ள பிராட் அண்ட் விட்னி நிறுவனம்தான். எழுபது பேர் அமரும் அளவுள்ள இத்தகைய விமானங்களுக்கான உலகச் சந்தையில் விமானம் செய்வோரே மிகச் சிலர். அவர்களுக்கு எஞ்சின் தருவோர் அதனினும் சிலர். இது வாங்குவோருக்கு அவ்வளவு நல்ல நிலைமை அன்று.

கியூ நானூற்றின் உற்பத்தி 2021-இல் நிறுத்திவைக்கப்பட்டது. வாகைக்குளத்து ஓடுபாதையோ இப்போது மூன்று கிலோமீட்டருக்கு மேல் நீண்டிருப்பதால், இனி ஜெட் விமானங்களும் அங்கு இறங்கலாம்.