வாத்தியாரும் ஏமாத்தலாம்... ஆனா எதுவரைக்கும்?

ஏப்ரல் 1 வந்தா வாத்தியாரை ஏமாத்துறது பசங்க வேலை. வாத்தியார் திருப்பி ஏமாத்தினா?

சயின்ஸ் டீச்சர்கள் கையில் இருக்கும் பழைய ஆயுதம், 'டைஹைட்ரஜன் மோனாக்சைடு'. "நிறம் இல்லை, மணம் இல்லை. மூச்சுக்குழாயில் போனா உயிரே போகலாம். அமில மழையிலும் இருக்கு. தடை பண்ணலாமா?" என்று கேட்டால் கைகள் சரசரவென உயரும். பெயரைப் பிரித்துப் பார்த்தால் இரண்டு ஹைட்ரஜன், ஒரு ஆக்சிஜன். அட, நம்ம தண்ணீர்! 1997-ல் அமெரிக்காவின் ஐடஹோவில் 14 வயது மாணவர் ஒருவர் 50 பேரிடம் இதைக் கேட்டார். 43 பேர் தடை செய்யச் சொன்னார்கள்.

இன்னொன்று, 'முழுசா படிச்சிட்டு எழுதவும்' என்று தொடங்கும் கேள்வித்தாள். நடுவில் 'எழுந்து மூன்று முறை கைதட்டவும்' என்றிருக்கும். கடைசி வரியில், 'பெயரை மட்டும் எழுதினால் போதும்'. கைதட்டியவர் மாட்டினார்!

ஆனா "நீ ஃபெயில்", "பப்ளிக் எக்ஸாம் நாளைக்கே" இதெல்லாம் வேண்டவே வேண்டாம். மார்க் பயத்தில் இருக்கும் பிள்ளைக்கு அந்த அரை நிமிஷமே அதிகம். ஒரே ஒரு மாணவரைக் குறிவைப்பதும் கேலிதான், விளையாட்டு இல்லை. அந்த பீரியட் முடியறதுக்குள்ளயே உண்மையைச் சொல்லிடணும். இல்லைன்னா சாயங்காலம் அது பெற்றோர் வாட்ஸ்அப் குரூப்பில் வதந்தியா சுத்தும்.