ஒரு பைக்கற்றுக்கு ஒரு லீற்றர்

உயர்தரத்தில் நான் விஞ்ஞானப் பிரிவில் படித்தவள். கரைசல்களின் தொகைசார் இயல்புகள் பற்றி வினா வந்தால் எனக்குப் பெருமகிழ்ச்சி. கரைந்திருப்பது என்ன என்பதல்ல, எத்தனை துணிக்கைகள் கரைந்திருக்கின்றன என்பதே முக்கியம் என்று மூச்சுவிடாமல் ஒப்புவிப்பேன். அப்படிப்பட்ட நான்தான் என் மூத்த மகளுக்கு ஜீவனியைப் பிழையாகக் கரைத்துக் கொடுத்தேன்.

அப்போது அவளுக்கு ஒன்றரை வயது. விடியற்காலையிலிருந்து வயிற்றோட்டம். ஒரு லீற்றர் நீரில் கரைக்க வேண்டும் என்று பைக்கற்றில் தெளிவாகவே எழுதியிருந்தது. ஆனால், அரைக் கோப்பை குடிக்கவே அடம்பிடிக்கும் பிள்ளை ஒரு லீற்றரை எப்படிக் குடிக்கும்? முழுவதையும் ஒரு கிளாஸ் தண்ணீரில் கரைத்தால், கொஞ்சம் குடித்தாலும் மருந்து உள்ளே போய்விடுமே என்று எண்ணினேன். மூன்று கரண்டி ஊட்டியிருப்பேன். அந்நேரம் வீட்டுக்கு வந்த குடும்பநல மிஸ்ஸி, கிளாஸிலிருந்ததை ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு அப்படியே வெளியே ஊற்றினார்.

"மகள், இது இருமல் பாணி இல்லை. இதில தண்ணிதான் மருந்து" என்றார்.

பரீட்சைத் தாளில் எழுதியது அப்போதுதான் எனக்கு விளங்கியது. தேசிக்காயை வெட்டி உப்பிட்டு வைத்தால் மறுநாள் போத்தலில் தண்ணீர் ஊறி நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். அது காயினுள்ளே இருந்த நீர். மெல்லிய சவ்வு ஒன்றின் இருபுறமும் கரைசல்கள் இருந்தால், துணிக்கைகள் குறைந்த பக்கத்திலிருந்து கூடிய பக்கத்துக்கு நீர் நகரும். இதுவே பிரசாரணம். இதன் விதிகளைக் கண்டறிந்த ஒல்லாந்து விஞ்ஞானி வான்ட் ஹொப்புக்குத்தான் 1901 இல் இரசாயனவியலுக்கான முதலாவது நோபல் பரிசு கிடைத்தது.

குழந்தையின் குடலிலும் நடப்பது இதுதான். நமது இரத்தத்தில் ஒரு லீற்றருக்குச் சுமார் 290 மில்லிமூல் துணிக்கைகள் உள்ளன. உலக சுகாதார நிறுவனம் முன்னர் பரிந்துரைத்த உப்புக்கரைசலில் 311 இருந்தன. 2002 இல் அதனை 245 ஆகக் குறைத்தார்கள். இரத்தத்தைவிடக் குறைவு என்பதால் நீர் உடலுக்குள்ளே போக வழியுண்டு. அத்துடன் குளுக்கோசும் சோடியமும் கைகோர்த்துக் குடற்சுவரைக் கடக்கையில் நீரும் பின்தொடரும். அதே பைக்கற்றை 200 மில்லிலீற்றர் கிளாஸில் கரைத்தால் 245 ஐந்து மடங்காகி 1225 ஆகிவிடும். அப்போது குடல், உப்பிட்ட தேசிக்காய்ப் போத்தல்தான். உடலில் எஞ்சியிருக்கும் நீரையும் வெளியே இழுக்கும். வயிற்றோட்டம் கூடும். இரத்தத்தில் உப்பு ஏறி வலிப்புக்கூட வரலாம்.

சோடாவும் இனிப்புப் பானங்களும் வயிற்றோட்டத்துக்குக் கூடாது என்பதும் இதனால்தான். அவற்றில் சீனித் துணிக்கைகள் அளவுக்கு அதிகம். உப்பு விடயத்தில் இன்னும் கவனம் தேவை. சீனி கரைந்தாலும் ஒரு மூலக்கூறு ஒன்றாகவே இருக்கும். உப்போ சோடியம், குளோரைட்டு என இரண்டு அயன்களாகப் பிரியும். 342 கிராம் சீனி தரும் துணிக்கைகளை வெறும் 29 கிராம் உப்பு தந்துவிடும். (சோற்றுக்குப் போடும் ஒரு சிட்டிகை உப்பால் தண்ணீரின் கொதிநிலை கூடுவது உண்மைதான். ஆனால் அது ஒரு பாகை கூட வராது. சமையலில் அதைப் பற்றிக் கவலைப்படத் தேவையில்லை.)

சகோதரிகளே, சில பைக்கற்றுகள் 200 மில்லிலீற்றருக்கென்றே வருகின்றன. வாசித்துப் பார்த்தே கரையுங்கள். கொதித்தாறிய நீரில் முதலில் அளவைச் சரிபார்த்துப் பிறகு தூளைக் கொட்டுங்கள். கரைத்தபின் கொதிக்க வைக்காதீர்கள். 24 மணித்தியாலத்துக்குப் பின் மீதியை ஊற்றிவிடுங்கள். இரண்டு வயதுக்குட்பட்ட பிள்ளைக்கு ஒவ்வொரு முறை வயிற்றால் போனபின்னும் 50 முதல் 100 மில்லிலீற்றர் வரை, கரண்டி கரண்டியாகக் கொடுக்கலாம். தாய்ப்பாலை நிறுத்த வேண்டாம். கண் குழிவிழுந்தாலோ, பிள்ளை சோர்ந்து குடிக்க மறுத்தாலோ, மலத்தில் இரத்தம் கண்டாலோ ஆஸ்பத்திரிக்கே ஓடுங்கள்.

அன்று எங்கள் வீட்டில் ஒரு லீற்றர் போத்தல் இருக்கவில்லை. மிஸ்ஸி மகளின் பால் போத்தலை எடுத்து, அதிலுள்ள கோடுகளைப் பார்த்து, 250 மில்லிலீற்றராக நான்கு முறை அளந்து ஊற்றினார். பின்னேரம் மகள் சிறுநீர் கழித்தாள். அந்த ஈரத் துணியைப் பார்த்து நான் அழுதுவிட்டேன்.